பழைய ஆட்டங்களும் புதிய கடைகளும்

தமிழ்த்துறை மலரில் வீடியோ ஆட்டங்களைப் பற்றிய கட்டுரைக்கு என்ன வேலை என்று மூத்தோர் சிலர் வினவக்கூடும். வினவுதல் முறையே. ஆயினும் ஒரு காலத்தின் ஆக்கங்கள் அடுத்த காலத்தின் கைக்கு எவ்வாறு வந்து சேர்கின்றன, எவை வழியிலேயே நின்றுவிடுகின்றன என்பது தமிழ் கற்றோர் அனைவர்க்கும் பழகிய வினா. ஏட்டுச்சுவடிகளைப் பற்றி நாம் நெடுங்காலமாகக் கேட்டுவரும் அதே வினா, ஐம்பதாண்டு வயதைச் சற்றே கடந்த ஒரு புதுக்கலையைப் பற்றியும் இன்று எழுந்துள்ளது.

1990களில் தொலைக்காட்சிப் பெட்டியோடு இணைத்து ஆடிய கருவிகளை நினைவிற்கொண்டோர் பலர் இன்று ஆசிரியர்களாகவும் பெற்றோராகவும் இருக்கின்றனர். கேசட் என்று நாம் வழங்கிய பெட்டியைச் செருகுவோம். படம் தெரியாவிட்டால் எடுத்து, வாயால் ஊதி, மீண்டும் செருகுவோம். கேசட்டின் மேல் '9999 ஆட்டங்கள்' என்று அச்சிட்டிருக்கும். உள்ளே எண்ணிப் பார்த்தால் ஒரு சில ஆட்டங்களே வேறு வேறு எண்களில் திரும்பத் திரும்ப வரும். நம் நாட்டில் பரவிய அக்கருவிகளுட் பெரும்பாலானவை, நிண்டெண்டோ நிறுவனம் 1983-இல் ஜப்பானில் வெளியிட்ட ஃபேமிகாம் என்னும் கருவியின் உரிமம் பெறாத நகல்கள். இச்செய்தி வாங்கியவர்க்கும் தெரியாது. விற்றவர் பலர்க்கும் தெரிந்திராது.

அக்கருவிகள் இன்று பரணில் கிடக்கின்றன, அல்லது பழைய இரும்புக்காரரிடம் போய்விட்டன. அவற்றில் ஆடிய ஆட்டத்தைத் தம் மகனுக்குக் காட்ட விரும்பும் தந்தை ஒருவர், நேர்மையான வழியில் அதனை எங்கே பெறுவார்? பெற்றது அவரிடம் எத்துணைக் காலம் நிற்கும்? இவ்விரு வினாக்களையே நாம் ஈண்டு ஆராயப் புகுகின்றோம்.

கேசட்டின் உள்ளே

கேசட்டைத் திறந்தால் காண்பது ஒரு சிறு மின்சுற்றுப் பலகையும் அதன்மேல் பதிந்த சில சில்லுகளுமே. ஆட்டத்தின் கட்டளைகள், படங்கள், இசை ஆகிய அனைத்தும் அச்சில்லுகளில் அழியாமல் எழுதப்பட்டுள்ளன. 1985-இல் வெளிவந்து உலகெங்கும் பரவிய சூப்பர் மாரியோ பிரதர்ஸ் ஆட்டத்தின் முழு அளவு 40 கிலோபைட் மட்டுமே. இன்றைய கைப்பேசியில் எடுக்கும் நிழற்படம் ஒன்றே ஏறத்தாழ ஐம்பது மடங்கு இடத்தை அடைத்துக்கொள்கிறது. எனவே, பழைய ஆட்டங்கள் கிடைக்காமைக்கு அவற்றைச் சேமித்து வைக்க இடமின்மை காரணமன்று. காரணம் வேறிடத்தில் உள்ளது. அதனைப் பின்னர்க் காண்போம்.

சில்லில் உள்ளதைப் படித்துக் கணினிக் கோப்பாக ஆக்குதல் எளிது. ஆனால் அக்கோப்பு புதிய கருவிக்குப் புரியாத மொழியில் எழுதப்பட்டது. ஆதலின் பழைய கருவியின் நடத்தையை, அதன் வேகத்தையும் தடுமாற்றத்தையும் கூட விடாமல், அப்படியே நடித்துக் காட்டும் ஒரு மென்பொருள் வேண்டும். அதற்கு எமுலேட்டர் என்று பெயர். ஆட்டம் தான் 1985-ஆம் ஆண்டுக் கருவிக்குள்ளேயே இருப்பதாக எண்ணிக்கொண்டு இயங்கும். உண்மையில் அது இயங்குவது இன்றைய கருவியில்.

இது முதல் வழி. இரண்டாவது வழி, ஆட்டத்தின் நிரலையே புதிய கருவிக்கேற்ப மாற்றி எழுதுவது. மூன்றாவது, பழைய கதையையும் அமைப்பையும் வைத்துக்கொண்டு ஆட்டத்தைப் புதிதாகவே ஆக்குவது. நம் துறை வழக்கில் கூறினால் முதலாவது மூலபாடம். இரண்டாவது பெயர்த்தெழுதிய படி. மூன்றாவது மூலத்தைத் தழுவிய புத்தாக்கம். கடைகளில் இம்மூன்றும் பெரும்பாலும் ஒரே பெயரில், ஒரே வரிசையில், வேறுபாடு விளங்காதவாறு கிடக்கின்றன. பழைய ஆட்டம் என்று நம்பி வாங்கியவர் வேறொன்றைப் பெற்று மயங்குவது இதனாலேயே.

பெயர்த்தெழுதுவோன் கைப்பிழை இங்கும் உண்டு. 1995-இல் சூப்பர் ஃபேமிகாம் கருவிக்கு வெளிவந்த குரோனோ டிரிக்கர் என்னும் ஆட்டம், அவ்வகையுள் தலைசிறந்தவற்றுள் ஒன்றாக மதிக்கப்படுவது. அது 2018 பிப்ரவரியில் கணினிக் கடைக்கு வந்தபோது, எழுத்துகளும் படங்களும் கைப்பேசிப் பதிப்பிலிருந்து எடுக்கப்பட்டவையாய்ப் பழைய தோற்றத்தைச் சிதைத்திருந்தன. ஆடுவோர் கடிந்தனர். வெளியிட்ட ஸ்கொயர் எனிக்ஸ் நிறுவனம் அடுத்தடுத்துத் திருத்தங்களை வெளியிட்டுப் பழைய தோற்றத்தைத் தேர்ந்துகொள்ளும் வசதியைத் தந்தது. இணையக் கடையில் ஒரு நன்மை இது: அச்சிட்டு விற்ற நூலைத் திருத்த இயலாது, இதனைத் திருத்தலாம்.

இன்னொரு வேறுபாடு நுட்பமானது. நம் நாட்டோடு தொடர்புடையதும் ஆகும். ஜப்பான், அமெரிக்கத் தொலைக்காட்சிகள் நொடிக்கு 60 முறை படத்தை வரைந்தன. ஐரோப்பாவிலும் இந்தியாவிலும் வழங்கிய முறையில் 50 முறை. அறுபதுக்கென ஆக்கிய பல ஆட்டங்களைச் செம்மையாக மாற்றாமல் ஐம்பதில் வெளியிட்டனர். அதனால் அவை ஆறில் ஒரு பங்கு மெதுவாக ஓடின, இசையும் இழுத்தது. தொலைக்காட்சிகள் மாறி, அக்கட்டுப்பாடு மறைந்து நெடுங்காலம் ஆயிற்று. எனினும் சோனி நிறுவனம் 2022-இல் தன் சந்தாத் திட்டத்தில் முதல் பிளேஸ்டேஷன் ஆட்டங்களைச் சேர்த்தபோது, அமெரிக்கா, ஜப்பான் நீங்கலாகப் பல நாடுகளில் அவற்றுட் பலவற்றின் 50 வகைப் பதிப்பையே தந்தது. எதிர்ப்பு எழுந்த பின்னரே 60 வகையையும் வழங்க முற்பட்டது. விழிப்புள்ள வாசகர் இல்லையேல் பதிப்பாசிரியர் பிழையை யார் கண்டறிவர்?

சில ஆட்டங்களை எம்முறையாலும் முழுதாக மீட்க முடிவதில்லை. துப்பாக்கியால் வாத்தைச் சுடும் டக் ஹண்ட் என்னும் ஆட்டத்தை ஆடியோர் நம்மிடையே பலர். அத்துப்பாக்கி பழைய படக்குழாய்த் தொலைக்காட்சியின் ஒளியை உணர்ந்து செயற்படுவது. இன்றைய தட்டைத் திரையில் அது வேலை செய்யாது. 2014-இல் வீ யூ என்னும் கருவியின் கடைக்கு இவ்வாட்டம் வந்தபோது, துப்பாக்கிக்குப் பதிலாகக் கையில் பிடித்துச் சுட்டும் வேறொரு கட்டுப்பாட்டுக் கோலைக்கொண்டு ஆடுமாறு அமைத்தனர். ஆட்டம் வந்து சேர்ந்தது, துப்பாக்கி பின்தங்கிவிட்டது.

கடைகள் திறந்தன, மூடின

பழைய கன்சோல் ஆட்டங்களை இணையத்தின் வழி விற்கும் கடைகளுள் பெரும்புகழ் பெற்றது, 2006 நவம்பரில் வீ என்னும் கருவியோடு நிண்டெண்டோ திறந்த கடை. ஃபேமிகாம் கால ஆட்டம் ஒன்றுக்கு 5 டாலர், அடுத்த தலைமுறைக் கருவியின் ஆட்டத்திற்கு 8, நிண்டெண்டோ 64-இன் ஆட்டத்திற்கு 10 என்று விலை வகுத்திருந்தனர். தன் போட்டியாளராய் இருந்த சேகா நிறுவனத்தின் ஆட்டங்களையும் நிண்டெண்டோ அங்கே விற்றது. பழம்பகை மறந்த சந்தை எனலாம்.

வாங்கிய ஆட்டங்கள் வாங்கியவரின் கருவியோடு கட்டப்பட்டிருந்தன. அடுத்து வந்த வீ யூ கருவிக்கு அவற்றை மாற்றிக்கொள்ள வழி இருந்தது. 2017-இல் வந்த ஸ்விட்ச் கருவிக்கு இல்லை. 2018 மார்ச்சில் வீ கடையிற் பணம் செலுத்தும் வசதி நின்றது. 2019 ஜனவரி 30 அன்று கடையே மூடப்பட்டது. முன்னரே வாங்கியவற்றை மீண்டும் இறக்கிக்கொள்ளும் வழியை விட்டுவைத்த நிறுவனம், அதுவும் ஒருநாள் நிற்கும் என்று அறிவித்தது. வீ யூ, 3டிஎஸ் கருவிகளின் கடைகளில் விற்பனை 2023 மார்ச் 27 அன்று முடிவுற்றது. அவற்றோடு நூற்றுக்கணக்கான பழைய ஆட்டங்கள் விற்பனையிலிருந்து நீங்கின.

ஸ்விட்ச் கருவியில் நிண்டெண்டோ வேறு முறையைக் கைக்கொண்டது. 2018 செப்டம்பரில் தொடங்கிய சந்தாத் திட்டத்தில் பழைய ஆட்டங்கள் ஒரு தொகுப்பாக வந்தன. முதலில் ஃபேமிகாம் காலத்தவை. 2019-இல் அடுத்த தலைமுறை. 2021-இல் நிண்டெண்டோ 64-உம் சேகாவின் மெகா டிரைவும். 2023-இல் கேம் பாய். விலை கொடுத்து ஒன்றைத் தனியே வாங்க அத்தொகுப்பில் வழியில்லை. சந்தா நின்றால் அனைத்தும் நிற்கும். ஒரு நூலகத்தின் உறுப்பினர் கட்டணம் போன்றது என்று இதனைப் போற்றுவோர் உண்டு. ஒருவகையில் உண்மையே: சிறு தொகையில் பல ஆட்டங்களைப் பார்க்கலாம். ஆயின் சூப்பர் மாரியோ பிரதர்ஸை 1980களில் கேசட்டாகவும், பின்னர் வீ, 3டிஎஸ், வீ யூ கடைகளிலும் காசு கொடுத்து வாங்கிய ஒருவர், ஐந்தாம் முறையாக அதற்கு வாடகை செலுத்துகிறார் என்பதையும் மறத்தற்கில்லை.

மைக்ரோசாஃப்ட் நிறுவனம் இவ்வகையில் பாராட்டத்தக்க வழியொன்றைக் காட்டியது. 2015 நவம்பர் முதல், எக்ஸ்பாக்ஸ் 360 ஆட்டங்கள் பலவற்றைப் புதிய கருவியிலும் இயங்கச் செய்தது. 2017-இல் முதல் எக்ஸ்பாக்ஸின் ஆட்டங்கள் சிலவும் சேர்ந்தன. பழைய வட்டு கையிலிருந்தால் அதனைச் செருகினாலே போதும். மறுமுறை விலை இல்லை. 2024 ஜூலை 29 அன்று எக்ஸ்பாக்ஸ் 360 கடை மூடப்பட்டபோதும், புதிய கருவியில் இயங்கவல்ல ஆட்டங்கள் புதிய கடையில் தொடர்ந்து கிடைத்தன. அப்பட்டியலில் இடம்பெறாதவற்றின் கதி வேறு. புதியன சேர்ப்பதை 2021 நவம்பரோடு நிறுத்திவிட்டனர்.

சோனியின் கதை சற்று வேடிக்கையானது. பிளேஸ்டேஷன் 3, பி.எஸ்.பி., வீட்டா ஆகியவற்றின் கடைகளை மூடப்போவதாக 2021 மார்ச்சில் அறிவித்தது. ஆடுவோர் எழுப்பிய குரலைக் கேட்டு அடுத்த மாதமே, தவறான முடிவு எடுத்துவிட்டோம் என்று ஒப்புக்கொண்டு, பிளேஸ்டேஷன் 3, வீட்டா கடைகளை மூடாது விட்டது. பி.எஸ்.பி. கருவியில் வாங்கும் வசதி மட்டும் அவ்வாண்டு ஜூலையில் நின்றது. பெரிய வணிக நிறுவனம் ஒன்று வாடிக்கையாளர் சொல் கேட்டுத் தன் சொல்லை மாற்றிக்கொண்டதற்கு இஃது ஒரு சான்று. எப்போதும் இவ்வாறே நிகழும் என்று நம்பியிருத்தற்கு இது போதாது.

கிடையாதவை எத்துணை?

2023 ஜூலையில், அமெரிக்காவில் உள்ள வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் என்னும் அமைப்பு ஓர் ஆய்வை வெளியிட்டது. 2010-க்கு முன் அந்நாட்டில் வெளியான ஆட்டங்களுள் 87 விழுக்காடு இன்று எக்கடையிலும் விற்பனையில் இல்லை என்பது அதன் முடிவு. எஞ்சிய 13 விழுக்காடே கடைவழி கிடைப்பது. கேம் பாய் கருவியின் ஆட்டங்களிலோ ஆறு விழுக்காடும் தேறவில்லை. அமெரிக்க ஊமைப்படங்களுள் 14 விழுக்காடே முழு வடிவில் எஞ்சியுள்ளன என்று கணக்கிட்டுள்ளனர். அவற்றைத் தீயும் காலமும் தின்றன. ஆட்டங்களுக்கு அவ்விடையூறு இல்லை. கோப்புகள் இருக்கின்றன; விற்க உரிமை பெற்றார் ஒருவரும் முன்வரவில்லை, அல்லது உரிமை யாருடையது என்பதே சிக்கலாய்க் கிடக்கிறது.

கோல்டன் ஐ 007 என்னும் ஆட்டம் இதற்குத் தெளிவான எடுத்துக்காட்டு. 1997-இல் ரேர் என்னும் ஆங்கிலேய நிறுவனம் இதனை ஆக்கிற்று, நிண்டெண்டோ வெளியிட்டது, கதைமாந்தர் ஜேம்ஸ் பாண்ட் திரைப்பட உரிமையாளர்க்கு உரியவர். 2002-இல் ரேர் நிறுவனத்தை மைக்ரோசாஃப்ட் விலைக்கு வாங்கியது. ஆக ஓர் ஆட்டத்தின் மேல் மூன்று கைகள். மூவரும் ஒருங்கே இசைந்து ஆட்டம் மீண்டும் வெளிவர இருபத்தைந்து ஆண்டுகள் கடந்தன. 2023 ஜனவரி 27 அன்று நிண்டெண்டோ, எக்ஸ்பாக்ஸ் ஆகிய இரண்டிலும் அது வந்தது. வந்த பின்னும் பங்கீடு தீரவில்லை: படத்தெளிவு எக்ஸ்பாக்ஸில் கூடுதல், இணையத்தின் வழி நண்பரோடு சேர்ந்து ஆடும் வசதி நிண்டெண்டோவில் மட்டும். பாகப்பிரிவினை கண்ட குடும்பத்தார்க்கு இது வியப்பளிக்காது.

கேசட் உள்ள ஆட்டம் கடையை விட்டு நீங்கினாலும் எங்கேனும் ஒரு கேசட் கிடைக்கும். இணையக் கடையிலேயே பிறந்த ஆட்டத்தின் நிலை இன்னும் இரங்கத்தக்கது. ஸ்காட் பில்கிரிம் என்னும் வரைகதையைத் தழுவி 2010-இல் வெளியான ஆட்டம் வட்டாக வரவில்லை. இறக்கிக்கொள்ளும் வடிவில் மட்டுமே வந்தது. 2014 டிசம்பரில் அது கடைகளிலிருந்து நீக்கப்பட்டது. அன்று முதல் 2021 ஜனவரியில் மீண்டும் வெளியாகும் வரை ஆறாண்டுகள், முன்னரே வாங்கியிராத ஒருவர் அதனை நேரிய வழியிற் பெற இயலாதிருந்தது. விற்பவரே நாள் குறித்து நீக்குவதும் உண்டு. மாரியோவின் மூன்று பழைய ஆட்டங்களைக் கொண்ட தொகுப்பொன்றை 2020 செப்டம்பரில் வெளியிட்ட நிண்டெண்டோ, 2021 மார்ச் 31-க்குப் பின் விற்பதில்லை என்று முன்னரே அறிவித்து, அவ்வாறே நிறுத்திற்று. சேகா தன் மெகா டிரைவ் ஆட்டத் தொகுப்பினை 2024 டிசம்பரில் கடைகளிலிருந்து எடுத்துக்கொண்டது.

வாங்குதலும் உரிமமும்

'வாங்குக' என்னும் பொத்தானை அழுத்துகின்றோம். பெறுவது என்ன? பெரும்பாலான கடைகளின் ஒப்பந்தத்தைப் படித்தால் நாம் பெறுவது ஆடுவதற்கான உரிமம் என்றே இருக்கும். வீடு வாங்கியதாக எண்ணியவர் பத்திரத்தைப் படித்துக் குடியிருப்பவர் என்று தம்மை அறிந்தது போன்ற நிலை இது. இம்மயக்கத்தைத் தெளிவிக்க அமெரிக்காவின் கலிஃபோர்னிய மாநிலம் 2024-இல் ஒரு சட்டம் இயற்றி, 2025 ஜனவரி 1 முதல் நடைமுறைப்படுத்தியது. விற்பது உரிமமே என்பதைத் தெளிவாகக் கூறாமல் 'வாங்குக' என்னும் சொல்லைப் பயன்படுத்தலாகாது என்பது அதன் சாரம். சட்டம் பொருளைத் தரவில்லை, சொல்லைத் திருத்தியது. சொல்லாராய்ச்சி செய்யும் நமக்கு அதுவும் ஒரு மகிழ்ச்சியே.

அச்சட்டத்திலும் ஒரு விலக்கு உண்டு. இணையத் தொடர்பின்றியே என்றும் பயன்படுத்துமாறு கோப்பை முழுமையாக இறக்கித் தருவோர்க்கு அவ்விதி பொருந்தாது. போலந்து நாட்டில் 2008-இல் தோன்றிய ஜி.ஓ.ஜி. என்னும் கடை இவ்வகையினது. 'நல்ல பழைய ஆட்டங்கள்' என்பதே அதன் பெயரின் தொடக்கப் பொருள். கணினி ஆட்டங்களுக்கான கடையாயினும், கன்சோல்களிற் புகழ்பெற்ற சிலவற்றின் கணினிப் பதிப்புகள் அங்கே கிடைக்கின்றன. 1996-இல் பிளேஸ்டேஷனில் வெளிவந்த ரெசிடென்ட் ஈவிலின் கணினிப் பதிப்பு 2024-இல் அங்கே வந்தது. இறக்கிய கோப்பைத் தனி வட்டில் வைத்துக்கொள்ளலாம். கடை மூடினும் ஆட்டம் மூடாது.

கடைக்கு வெளியே

கடையில் இல்லாத 87 விழுக்காட்டை மாணவர் எவ்வாறு காண்பது? எமுலேட்டரைக் குறித்து ஒரு தெளிவு வேண்டும். பிளேஸ்டேஷனைப் போல நடிக்கும் மென்பொருள் ஒன்றை ஆக்கிய கனெக்டிக்ஸ் நிறுவனத்தின் மீது சோனி வழக்குத் தொடுத்தது. அம்மென்பொருளை ஆக்குதற்பொருட்டுச் சோனியின் நிரலைப் படியெடுத்து ஆராய்ந்தது நேர்மையான பயன்பாடே என்று 2000-இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆப்பிள் நிறுவனமும் 2024 ஏப்ரலில் தன் விதியை மாற்றி, இத்தகைய மென்பொருள்களைத் தன் கடையில் அனுமதித்தது. எமுலேட்டர் வேறு, ஆட்டக் கோப்பு வேறு என்பதே ஈண்டு நினைவிற்கொள்ள வேண்டுவது. உரிமையாளர் இசைவின்றி ஆட்டக் கோப்புகளைப் பரப்புவது சட்டத்திற்குப் புறம்பானது. அத்தகைய தளங்களின்மேல் நிண்டெண்டோ வழக்குத் தொடுத்துப் பெருந்தொகை பெற்றுள்ளது.

ஆய்வாளர் நிலையோ இரண்டிற்கும் இடைப்பட்டது. விற்பனையில் இல்லாத பழைய ஆட்டங்களை, நூலகங்கள் தம் ஆய்வாளர்க்கு இணையத்தின் வழி தொலைவிலிருந்தே காட்ட அனுமதி வேண்டும் என்று அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகத்திடம் விண்ணப்பித்தனர். 2024 அக்டோபரில் அது மறுக்கப்பட்டது. ஆட்டம் வைத்திருக்கும் நூலகத்திற்கு ஆய்வாளர் நேரிற் செல்லுதல் வேண்டும். சுவடியைத் தேடி ஊர் ஊராய் அலைந்த காலத்திற்கும் இதற்கும் பெரிய வேறுபாடு இல்லை.

தேடுவோர்க்குச் சில குறிப்புகளைக் கூறி முடிப்போம். ஆட்டத்தின் பெயர் நாட்டுக்கு நாடு மாறும். மெகா டிரைவ் அமெரிக்காவில் ஜெனிசிஸ் என்று வழங்கியது போல. ஒரு பெயரில் இல்லையெனில் மறு பெயரில் தேடுக. தனியே இல்லாத ஆட்டம் தொகுப்பொன்றின் உள்ளே இருக்கக்கூடும். ஆக்கிய நிறுவனத்தின் பெயரால் தேடினால் அது தட்டுப்படும். கிடைத்தது மூலமா, பெயர்த்தெழுதியதா, புத்தாக்கமா என்று விளக்கக் குறிப்பைப் படித்துத் தெளிக. தனியே வாங்கும் வழியும் சந்தா வழியும் இரண்டும் இருப்பின், அடிக்கடி ஆடுவதை வாங்குக. ஒருமுறை பார்க்க விரும்புவதைச் சந்தாவிற் காண்க. வாங்கியதை உடனே இறக்கிக்கொள்க. கடை மூடும் நாள் அறிவிக்கப்பட்ட பின் ஓடுவோர் கூட்டம் பெரிது.

நல்ல பதிப்பு எப்படி இருத்தல் வேண்டும் என்று காண விரும்புவோர் அடாரி 50 என்னும் தொகுப்பைப் பார்க்கலாம். அடாரி நிறுவனத்தின் ஐம்பதாம் ஆண்டை ஒட்டி 2022 நவம்பரில் டிஜிட்டல் எக்லிப்ஸ் என்னும் குழுவினர் ஆக்கியது இது. 90-க்கும் மேற்பட்ட ஆட்டங்கள் கால வரிசையில் அமைந்துள்ளன. ஒவ்வொரு காலப்பகுதியிலும் ஆக்கியோரின் நேர்காணல்கள், பழைய விளம்பரங்கள், வரைவுத் தாள்கள் ஆகியவை உடன் வருகின்றன. படித்துக்கொண்டே போகலாம், நினைத்த இடத்தில் நின்று ஆடலாம். முன்னுரையும் குறிப்புரையும் அமைந்த செம்பதிப்பு என்றே நாம் இதனைச் சொல்வோம். ஆயினும் இது வெளிவந்தபோது, அடாரி 2600 கருவியில் மிகுதியாக விற்பனையான ஆட்டங்களுள் ஒன்றாகிய பிட்ஃபால் இதில் இல்லை. 1982-இல் அதனை வெளியிட்டது அடாரி அன்று. ஆக்டிவிஷன் என்னும் வேறொரு நிறுவனம்.